முதல் மரியாதை: மலைச்சாமிக்கும் குயிலுக்கும் நடுவே இருந்தது காதல்தானா?

‘முதல் மரியாதை’ படத்தைத் தமிழின் மிகச் சிறந்த காதல் படங்களில் ஒன்று என்று எல்லோரும் சொல்கிறார்களே, மனைவியும் கட்டிக்கொடுத்த மகளும் இருக்கும் ஒரு பெரியவருக்கும் அவர் மகள் வயதுள்ள ஒரு பெண்ணுக்கும் நடுவில் வருவதை எப்படிக் காதல் என்று ஏற்பது, இன்றைய கண்ணால் பார்த்தால் அது பிழையாகத் தெரியாதா என்று கேட்டிருக்கிறீர்கள்.

இந்தக் கேள்வியை நானும் பல வருடங்கள் சுமந்திருக்கிறேன். பள்ளிக்கூட வயதில் முதல்முறை பார்த்தபோது ஆறும், மரங்களும், என்னைப் பயமுறுத்திய ஒரு கால்விரலும்தான் நினைவில் நின்றன. நாற்பதைக் கடந்த பிறகு ஒருநாள் தனியாக உட்கார்ந்து பார்த்தேன். அன்றைக்குத்தான் படத்தின் பெயர் எனக்கு உறைத்தது. காதல் என்ற சொல்லைத் தவிர்த்துவிட்டு மரியாதை என்ற சொல்லை ஏன் ஒரு காதல் கதைக்குத் தலைப்பாக வைத்தார்கள் என்று யோசிக்கத் தொடங்கினேன். உங்கள் கேள்விக்கான பதில் அந்தத் தலைப்புக்குள் இருக்கிறது என்றே நம்புகிறேன். காதல்தான், அதில் எனக்குச் சந்தேகம் இல்லை. ஆனால் அது எதிலிருந்து முளைத்தது என்று பார்த்தால்தான் வயதைப் பற்றிய கேள்விக்கும் விடை கிடைக்கும்.

பார்க்காதவர்களுக்காகக் கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். பாரதிராஜா இயக்கித் தயாரித்து, 1985 ஆகஸ்ட் 15 அன்று வெளியான படம். மலைச்சாமியாக சிவாஜி கணேசன், குயிலாக ராதா, மலைச்சாமியின் மனைவி பொன்னாத்தாவாக வடிவுக்கரசி. மலைச்சாமி ஊரே தலைவணங்கும் மனிதர். வீட்டுக்குள் அவருக்கு நிம்மதி இல்லை. பொன்னாத்தா எந்நேரமும் சுடுசொல் பேசுகிறாள். பிழைப்புத் தேடித் தகப்பனோடு அந்த ஊருக்கு வரும் குயில், ஆற்றுத்துறையில் ஆட்களை அக்கரை சேர்த்துப் பிழைக்கிறாள். அவளோடு பேசத் தொடங்கிய பிறகு மலைச்சாமி சிரிக்கிறார், பாடுகிறார். ஊர் பேசத் தொடங்குகிறது. பிறகு ஒரு கொலை, ஒரு சிறைவாசம், நீண்ட காத்திருப்பு. படம் தொடங்கும்போதே மலைச்சாமி சாவுப்படுக்கையில் கிடக்கிறார். உயிர் பிரியாமல் யாருக்காகவோ காத்திருக்கிறது. மற்றதெல்லாம் அந்தப் படுக்கையிலிருந்து பின்னோக்கிச் சொல்லப்படும் கதை.

இப்போது தலைப்புக்கு வருகிறேன். கோயில் திருவிழாவில் ஊர்ப் பெரியவருக்கு முதலில் பரிவட்டம் கட்டி, முதலில் திருநீறு கொடுத்து, முதலில் பிரசாதம் தருவதுதான் முதல் மரியாதை. கிராமத்தில் வளர்ந்தவர்களுக்கு அதன் எடை தெரியும். தலையில் சுற்றப்படும் அந்த ஒரு முழத் துணிக்காக அண்ணன் தம்பிகள் பேச்சை நிறுத்தியிருக்கிறார்கள், ஊர்கள் இரண்டுபட்டிருக்கின்றன. சிவகங்கை மாவட்டத்தில் கண்டதேவி கோயில் தேர், யாருக்கு மரியாதை, யார் வடம் பிடிப்பது என்ற தகராறில் பல ஆண்டுகள் ஓடாமலே நின்றது. வழக்கு உயர் நீதிமன்றம்வரை போனது. மரியாதை என்பது நம் ஊர்களில் கண்ணால் பார்க்கக்கூடிய பொருள். யாருக்கு முதலில், யாருக்கு இரண்டாவதாக, யாருக்கு இல்லவே இல்லை என்று வரிசை உண்டு.

மலைச்சாமிக்கு ஊர் அந்த முதல் மரியாதையைக் கொடுக்கிறது. வழியில் எதிர்ப்படுகிறவர்கள் துண்டை இடுப்புக்கு இறக்குகிறார்கள். ஆனால் சொந்த வீட்டு வாசலைத் தாண்டினால் அவருக்கு மரியாதை கிடையாது. ஒரு வாய்ச் சோற்றோடு நாலு வசவையும் சேர்த்து விழுங்கவேண்டும். இந்த முரண்பாட்டைத்தான் பாரதிராஜா எடுத்துக்கொண்டார். வெளியே பரிவட்டம், உள்ளே அவமதிப்பு. இரண்டுக்கும் நடுவில் ஒரு மனிதர் எத்தனை வருடம் வாயைத் திறக்காமல் வாழ முடியும்?

ஏன் திறக்கவில்லை என்பது பாதிப் படத்துக்கு மேல்தான் தெரியவருகிறது. பொன்னாத்தா அவருடைய மாமன் மகள். திருமணத்துக்கு முன்பே இன்னொருவனால் கர்ப்பமாகிறாள். அவன் போய்விடுகிறான். மகளின் மானத்தையும் குடும்பத்தின் மானத்தையும் காப்பாற்று என்று மாமன் மலைச்சாமியின் காலில் விழுகிறார். மலைச்சாமி அவளைக் கட்டிக்கொள்கிறார். பிறந்த குழந்தையைத் தன் மகளாகவே வளர்க்கிறார். பொன்னாத்தாவோடு ஒருநாளும் கணவனாக வாழவில்லை. இதை ஊரில் ஒருவரிடமும் சொல்லவுமில்லை.

இந்த இடத்தில் ஒரு சின்ன விஷயத்தைக் கவனிக்கச் சொல்வேன். மலைச்சாமி செருப்புப் போடுவதில்லை. வயதில் மூத்த மாமன் தன் கையால் தொட்ட கால் அது; அதில் செருப்பு மாட்டமாட்டேன் என்பது அவருடைய வைராக்கியம். வசதி இருந்தும் வாழ்நாள் முழுக்க வெறுங்காலோடு நடக்கிற அந்தப் பெரியவர், உண்மையில் ஒரு வாக்கின் மேல் நடக்கிறார். காலில் குத்துகிற ஒவ்வொரு முள்ளும் அவருக்கு அந்த நாளை நினைவூட்டியிருக்கும். தமிழ்ப் படங்களில் தியாகத்தைக் காட்ட எத்தனையோ பக்கம் வசனம் எழுதியிருக்கிறார்கள். இங்கே ஒரு ஜோடிச் செருப்பு இல்லாததை வைத்துச் சொல்லிவிட்டார்கள்.

அதுமட்டும் இல்லை. இந்தப் படம் முழுக்கக் கால்கள்தான் கதையை நகர்த்துகின்றன. ஊரில் செருப்புத் தைக்கும் செங்கோடன் ஒரு முக்கியப் பாத்திரம். தனக்கு ஒரு உண்மை தெரிந்தாக வேண்டும் என்று ஓயாமல் கேட்டுக்கொண்டிருக்கும் அந்த வேடத்தில் ஏ. கே. வீராசாமி நடித்தார். திரையரங்கில் எல்லோரும் அதற்குச் சிரித்தார்கள். மேலிருந்து கீழ்வரை எல்லோரும் ஏதோ ஒன்றை மூடி மறைக்கும் ஊரில், உண்மை வேண்டும் என்று கேட்கிற ஒரே ஆள் ஊரின் கடைசி வரிசையில் நிற்கிறவர். அதை நினைக்கும்போது எனக்குச் சிரிப்பு வருவதில்லை. பிற்பாடு நடக்கும் ஒரு கொலைக்குச் சாட்சியாவதும் ஒரு கால்விரல்தான். அதைப் பிறகு சொல்கிறேன்.

இப்படிப்பட்ட மனிதரின் வாழ்க்கைக்குள் குயில் வருகிறாள். அவள் யார்? ஊருக்குப் புதியவள். அந்த ஊரின் மரியாதை வரிசையில் அவளுக்கு இடமே இல்லை. அதனால்தான் அவளால் மலைச்சாமியைப் பெரியவர் என்ற பட்டம் இல்லாமல் பார்க்க முடிகிறது. கேலி செய்கிறாள். வாதம் செய்கிறாள். அவர் சொல்வதற்கெல்லாம் தலையாட்டுவதில்லை. ஊர் அவருக்குப் பயந்து கொடுத்ததும், மனைவி கொடுக்காமல் மறுத்ததும் ஒன்றுக்கொன்று எதிரானவை போலத் தெரிந்தாலும், இரண்டிலும் அவரை ஒரு மனிதராக யாரும் பார்க்கவில்லை. குயில் பார்க்கிறாள். என்ன சாப்பிட்டீர்கள், ஏன் முகம் வாடியிருக்கிறது, ஏன் பாட்டில் இவ்வளவு துக்கம் என்று கேட்க அவருக்கு அதுவரை யாரும் இல்லை.

அவள் குடிசையில் அவர் மீன் சாப்பிடும் இடம் இந்தப் படத்தின் நெஞ்சு என்று சொல்வேன். ஒரு மனிதர் ருசித்துச் சாப்பிடுவதைத் தவிர அதில் பெரிதாக ஒன்றும் நடப்பதில்லை. ஆனால் அந்த ருசியில் எத்தனையோ வருடப் பட்டினி தெரிகிறது. நம் ஊரில் பசியோடு வந்தவருக்கு இலை போட்டு, பக்கத்தில் உட்கார்ந்து, இன்னும் கொஞ்சம் என்று சொல்லிப் பரிமாறுவதைவிடப் பெரிய மரியாதை கிடையாது. பரிவட்டத்தை ஊர் கட்டிவிடும். இதை யார் செய்வார்கள்? தட்டில் சோறு விழும் சத்தத்தை வைத்தே பரிமாறுகிறவரின் மனத்தைச் சொல்லிவிடலாம் என்று என் பாட்டி சொல்வார். பொன்னாத்தா வீட்டுச் சத்தத்தையும் குயில் வீட்டுச் சத்தத்தையும் நீங்களே கேட்டுப் பாருங்கள்.

அடுத்தது இளவட்டக்கல். உருண்டையான பெரிய கல்லைத் தூக்கித் தோளுக்குப் பின்னால் போடுகிற இளைஞனுக்குப் பெண் கொடுப்பது தென்மாவட்டங்களின் பழைய வழக்கம். வயதானவரால் முடியுமா என்று குயில் விளையாட்டாகச் சீண்டுகிறாள். மலைச்சாமி அப்போது சிரித்து மழுப்பிவிடுகிறார். பிறகு யாரும் பார்க்காத நேரத்தில் வந்து அந்தக் கல்லைத் தூக்குகிறார். மறைந்திருந்து குயில் பார்த்துவிடுகிறாள். இந்தக் காட்சியை மீசையை முறுக்கும் வீரமாக எடுத்திருக்கலாம். அப்படி எடுக்கவில்லை. தூக்க முடிந்ததும் அந்த முகத்தில் வருவது ஒரு சிறுவனின் சந்தோஷம். தன்னைப் பார்த்துவிட்டாள் என்று தெரிந்ததும் வருவது ஒரு சிறுவனின் வெட்கம். தன் இளமையைக் கடனாகக் கட்டிவிட்டவர், அது இன்னும் கொஞ்சம் மிச்சம் இருக்கிறதா என்று தொட்டுப் பார்க்கிறார். வயது வித்தியாசத்தைப் படம் மறைத்துவிட்டது என்று யாராவது சொன்னால் இந்தக் காட்சியைத்தான் காட்டுவேன். அந்த வித்தியாசத்தைக் கல்லாகவே கொண்டுவந்து நடுவில் போட்டிருக்கிறார்கள்.

சிவாஜியைப் பற்றிச் சொல்லாமல் இதைத் தாண்ட முடியாது. 1928-ல் பிறந்தவர், இந்தப் படத்தில் நடித்தபோது ஐம்பத்தாறு வயது. 1952-ல் தொடங்கி முப்பத்து மூன்று வருடங்கள் குரலாலும் உடலாலும் திரையை நிறைத்தவர். சிலருக்கு அவருடைய நடிப்பு அளவுக்கு மிஞ்சியதாகத் தோன்றும். எனக்கு அப்படித் தோன்றியதில்லை, அது மேடையிலிருந்து வந்த ஒரு பெருங்கலை. ஆனால் இங்கே அவர் தன் ஆயுதங்கள் எல்லாவற்றையும் கீழே வைத்துவிட்டு வந்திருக்கிறார். தோள் லேசாகத் தாழ்ந்திருக்கிறது. பேச வாய் எடுத்துப் பேசாமல் விடுகிறார். பொன்னாத்தா திட்டும்போது அவர் முகத்தில் கோபம் வருவதற்கு முன் ஒரு களைப்பு வருகிறது. பழகிப்போன களைப்பு. அதை வசனத்தில் எழுத முடியாது.

இன்னொரு செய்தியும் எனக்கு மிகவும் பிடித்தது. இந்தப் படத்தின் ஒளிப்பதிவாளர் பி. கண்ணன், இயக்குநர் ஏ. பீம்சிங்கின் மகன். பீம்சிங்தான் ஒரு காலத்தில் சிவாஜியை வைத்துத் தமிழ்நாட்டையே அழவைத்த குடும்பப் படங்களை வரிசையாக எடுத்தவர். தகப்பனின் கேமரா கண்ணீரும் கதறலுமாகப் பார்த்த அதே முகத்தை, மகனின் கேமரா தள்ளி நின்று, ஆற்றின் வெளிச்சத்தில், அமைதியாகப் பார்த்தது. தலைக்காடு, சிவசமுத்திரம் பக்கத்துக் காவிரிக்கரையில் படமாக்கியிருக்கிறார்கள். கதை நடப்பது நம் பக்கத்துக் கிராமம், நீர் கர்நாடகத்து நீர். பார்க்கும்போது அந்த எண்ணமே வருவதில்லை.

ராதாவைப் பற்றியும் ஒரு வார்த்தை. அப்போது அவருக்கு இருபது வயது இருக்கும். பாரதிராஜாவே நான்கு வருடங்களுக்கு முன் அறிமுகப்படுத்தியவர். குயிலின் குரல் அவருடையது இல்லை. ராதிகா கொடுத்த பின்னணிக் குரல். அந்தக் கரகரப்பும் துடுக்கும் ராதாவின் கண்களோடு சேர்ந்தபோதுதான் குயில் முழுமையானாள். ஒரு பாத்திரத்தை இரண்டு பெண்கள் சேர்ந்து உருவாக்கியிருக்கிறார்கள் என்பதை நாம் அடிக்கடி மறந்துவிடுகிறோம்.

பாடல்கள். பாரதிராஜா அல்லிநகரம், இளையராஜா பண்ணைப்புரம், வைரமுத்து வடுகபட்டி. மூவரும் இன்றைய தேனி மாவட்டத்து மண். ‘பூங்காத்து திரும்புமா’ பாடலுக்காக வைரமுத்துவுக்கு முதல் தேசிய விருது கிடைத்தது. படத்துக்கும் சிறந்த தமிழ்ப்படத்துக்கான தேசிய விருது வந்தது. விருதைவிட அந்தப் பாடலின் அமைப்பைப் பாருங்கள். மலேசியா வாசுதேவனின் குரலில் மலைச்சாமி தனக்குத்தானே பாடிக்கொள்கிறார். யாரும் கேட்பதற்காக அவர் பாடவில்லை. அப்போது எங்கிருந்தோ எஸ். ஜானகியின் குரலில் ஒரு ஆறுதல் வருகிறது. அவர் துக்கத்துக்கு முதன்முறையாக ஒரு பதில் குரல் கிடைக்கிறது. காதல் எப்போது தொடங்கியது என்று கேட்டால் அந்த நொடியைத்தான் சொல்வேன். கண்ணும் கண்ணும் சேரும் முன்பே ஒரு குரல் இன்னொரு குரலைக் கேட்டுவிட்டது.

‘ராசாவே உன்ன நம்பி’ அதன் மறுபக்கம். இந்தமுறை பாடுகிறவள் குயில், பதில் சொல்ல வேண்டியவர் அவர்.

உங்கள் கேள்வியின் கடினமான பகுதிக்கு இப்போது வருகிறேன். அவர் செல்வாக்குள்ள பெரிய மனிதர், அவள் ஒதுங்க ஒரு குடிசை தேடி வந்தவள். பணம், சாதி, வயது எல்லாமே அவர் பக்கம். நிஜ வாழ்க்கையில் இப்படி ஒரு உறவைக் கேள்விப்பட்டால் நானும் முதலில் அந்தப் பெண்ணைப் பற்றித்தான் கவலைப்படுவேன். கவலைப்படத்தான் வேண்டும். படம் இதைத் தெரியாமல் செய்யவில்லை என்பதற்கு எனக்குத் தெரிந்த சான்று, மலைச்சாமி கடைசிவரை தன் பெரியதனத்தை அவளிடம் பயன்படுத்துவதே இல்லை என்பது. அவர் கேட்பதில்லை. தயங்குகிறார், பின்வாங்குகிறார், தன் மனத்தைத் தனக்கே ஒப்புக்கொள்ள மறுக்கிறார். முன்னால் வந்து நிற்பவள் எப்போதும் குயில்தான்.

ஊர்க்கூட்டக் காட்சியில் இது இன்னும் தெளிவாகத் தெரியும். பொன்னாத்தாவின் ஆட்கள் கூடி நின்று அவரைக் குற்றவாளியாக்கிக் கேட்கிறார்கள். அத்தனை வருடம் பொறுத்தவர் அன்றைக்குப் பொறுக்க மாட்டாமல், ஆமாம், அவளோடு எனக்குத் தொடர்பு உண்டு என்று ஊருக்கு முன்னால் சொல்லிவிடுகிறார். ஊருக்கு அது அவமானம். குயிலுக்கு வேறொரு கேள்வி. அவர் அதைக் கோபத்தில் சொன்னாரா, மனத்திலிருந்து சொன்னாரா? தன் பெயர் கெட்டதைப் பற்றி அவள் கவலைப்படவில்லை. அந்தச் சொல் உண்மையாக இருக்க வேண்டுமே என்பதுதான் அவள் ஆசை. இப்படி ஒரு பெண்ணை எழுதியதற்காகக் கதாசிரியர் ஆர். செல்வராஜை எத்தனை பாராட்டினாலும் தகும்.

படத்தில் குறையே இல்லை என்று சொல்ல வரவில்லை. என்னை மிகவும் உறுத்துவது பொன்னாத்தா. அவளை ஏன் இத்தனை கொடுமைக்காரியாக எழுதினார்கள்? இருபதுகளில் இருந்த வடிவுக்கரசி தன்னைவிட மிக மூத்த ஒருத்தியாக நடித்துத் திரையைக் கிழித்திருக்கிறார். நடிப்பில் ஒரு குறையும் இல்லை. ஆனால் அவள் பக்கத்துக் கதையை நினைத்துப் பாருங்கள். விரும்பியவன் கைவிட்டான். தகப்பன் அவளைக் கேட்காமல் இன்னொருவன் காலில் விழுந்து அவளை ஒப்படைத்தான். தாலி கட்டியவன் அவளைத் தொடாமல், ஒரு வார்த்தை கடிந்தும் பேசாமல், வாழ்நாள் முழுக்கத் தன் பெருந்தன்மையை அவள் முன்னால் வெறுங்காலோடு நடமாடவிட்டான். ஒவ்வொரு நாளும் மன்னிக்கப்பட்டுக்கொண்டே இருப்பது எப்படிப்பட்ட தண்டனை! அவள் கத்துவது அதனாலும் இருக்கலாம். படம் அந்த வாசலைக் கொஞ்சம் திறந்து காட்டியிருந்தால் இன்னும் பல மடங்கு உயர்ந்திருக்கும். மலைச்சாமி உயரவேண்டும் என்பதற்காக அவளைத் தாழ்த்திவிட்டார்கள். இந்த ஒரு விஷயத்தில் உங்கள் ஐயத்தோடு முழுமையாக ஒத்துப்போகிறேன்.

இரண்டாவது உறுத்தல் செல்லக்கண்ணு, செவுளி ஜோடி. செல்லக்கண்ணு மலைச்சாமிக்கு மருமகன் முறை. செவுளி செங்கோடனின் மகள். ரஞ்சனியின் முதல் படம். ‘அந்த நிலாவத்தான்’ என்று இளையராஜாவும் அப்போது தமிழுக்குப் புதிதாக வந்திருந்த சித்ராவும் பாடுவது இந்த இருவருக்காக. சாதி வேலியைத் தாண்டிய அந்தக் காதலை மலைச்சாமியே முன்நின்று திருமணமாக்கி வைக்கிறார். 1985-ல் ஊர்ப்பெரியவர் ஒருவர் இதைச் செய்வதாகக் காட்டியது சின்ன விஷயம் இல்லை. ஆனால் பிறகு என்ன ஆகிறது? பொன்னாத்தாவின் மகளைக் கட்டிய மருமகன், ஜனகராஜ் நடித்த பாத்திரம், நகைக்காகச் செவுளியைக் கொன்றுவிடுகிறான். சாகும்போது அவள் கொலையாளியின் கால்விரலைக் கடித்துத் துண்டித்திருக்கிறாள். அந்த விரல்தான் துப்பு. செல்லக்கண்ணு ஆற்றோடு போய்விடுகிறான். வேலியைத் தாண்டிய இளம் ஜோடி திரையில் உயிரோடு மிஞ்சுவதில்லை என்ற பழக்கத்தை இந்தப் படமும் உடைக்கவில்லை. எனக்கு அது வருத்தம்.

ஆனாலும் அந்தக் கொலை மலைச்சாமிக்கு வைக்கும் சோதனையைக் கவனியுங்கள். குற்றவாளி அவர் வீட்டு மருமகன். மகளோ அவர் இரத்தம் இல்லாதவள். யாரும் அறியாத அந்த இரகசியத்துக்காகவே அவர் தன் வாழ்க்கையைக் கொடுத்தார். காட்டிக்கொடுத்தால் மகள் வாழ்க்கை போகும். மூடிவிட்டால் செங்கோடனின் மகளுக்கு நீதி போகும். அவர் மருமகனைப் போலீசில் ஒப்படைக்கிறார். மாமன் தன் காலில் விழுந்த அன்று குடும்ப மானத்துக்காக உண்மையை மூடியவர், இங்கே உண்மைக்காகக் குடும்ப மானத்தை விடுகிறார். அவர் அந்தப் பழைய கடனிலிருந்து விடுபட்டது அந்த நாளில்தான் என்று எனக்குத் தோன்றும்.

குயில் செய்யும் கொலை இதற்கு நேர்த் தலைகீழ். பொன்னாத்தாவைக் கைவிட்டுப் போன மயில்வாகனன் பல வருடம் கழித்துத் திரும்பி வருகிறான். சத்யராஜ் சிறிது நேரமே வரும் பாத்திரம். அவன் ஊருக்குள் கால் வைத்தால் மலைச்சாமி காத்துவந்த மானம் தெருவுக்கு வந்துவிடும் என்று குயில் அவனைக் கொன்றுவிடுகிறாள். எதற்காக என்று ஊருக்குச் சொல்லாமல் சிறைக்குப் போகிறாள். கதையாகப் பார்த்தால் இது கொஞ்சம் வசதியான திருப்பம், ஒத்துக்கொள்கிறேன். பார்க்கும்போது அப்படித் தோன்றாததற்குக் காரணம் இருக்கிறது. முன்பொரு நாள் மலைச்சாமி இன்னொரு குடும்பத்தின் மானத்துக்காக வாய் திறக்காமல் தன் வாழ்க்கையைக் கொடுத்தார். இப்போது இன்னொருத்தி அவர் மானத்துக்காக வாய் திறக்காமல் தன் வாழ்க்கையைக் கொடுக்கிறாள். மாமனுக்காவது காலில் விழ வேண்டியிருந்தது. குயிலை யாரும் கேட்கவே இல்லை.

அதன்பிறகு மலைச்சாமி தன் வீட்டுக்குள் இருக்கவில்லை. குயிலின் குடிசைக்குப் போய்விடுகிறார். அவள் வரும்வரை அங்கேதான் என்று உட்கார்ந்துவிடுகிறார். ஊர் கொடுத்த முதல் மரியாதைக்குரிய இடத்தை விட்டு, அந்த ஊரின் கணக்கில் இடமே இல்லாத ஒரு கூரையின் கீழே. முடிவில் நான் அழுவதைவிட இந்த இடத்தில்தான் அதிகம் அழுதிருக்கிறேன். காதலர்கள் ஓடிப்போவதைப் பார்த்திருக்கிறோம். இங்கே ஒரு பெரியவர் காதலி இல்லாத வீட்டுக்கு ஓடிவருகிறார்.

சிவாஜிக்கு இந்தப் படத்துக்காகச் சிறந்த நடிகருக்கான தேசிய விருது கிடைக்கவில்லை. கடைசிவரை அந்த விருது அவருக்குக் கிடைக்கவே இல்லை. இதைச் சொல்லும்போது என் குரல் இன்றும் கொஞ்சம் உயரும்; பொறுத்துக்கொள்ளுங்கள்.

நீங்கள் இனிமேல் பார்ப்பதாக இருந்தால், ஒரு வேண்டுகோள். மலைச்சாமியின் வயதைக் கணக்குப் பண்ணிக்கொண்டே பார்க்காதீர்கள். அதைப் படமே உங்களுக்காகப் பண்ணிக்கொண்டிருக்கிறது. யார் யாரிடம் கேட்டுப் பெறுகிறார்கள், யார் கேட்காமலே கொடுக்கிறார்கள் என்று மட்டும் பாருங்கள். முதல் காட்சியில் குடிசையைச் சுற்றி நிற்கும் கூட்டத்தையும் நன்றாகப் பார்த்து வைத்துக்கொள்ளுங்கள். மறுபடி அந்த இடத்துக்குப் படம் திரும்பும்போது அவர்கள் யாருக்காகக் காத்திருக்கிறார்கள் என்பது உங்களுக்குத் தெரிந்திருக்கும். மனைவி இருக்கிறாள், உறவு இருக்கிறது, ஊர் இருக்கிறது. அந்த உயிரை வழியனுப்பும் உரிமை அவர்களில் ஒருவருக்கும் இல்லை என்பதை எல்லோரும் ஏற்றுக்கொண்டு நிற்கிறார்கள். எந்த உறவைக் கேட்டு ஊர் கூட்டம் போட்டதோ அதே உறவுக்காக அந்த ஊர் வாசலில் நிற்கிறது. சிறையிலிருந்து அனுமதி பெற்று, காவலோடு குயில் வருகிறாள். அவள் வந்து தொட்ட பிறகுதான் அந்த உயிர் போகிறது. திரும்பும் ரயிலில் அவளும் போய்விடுகிறாள்.